டயர் சுவர்

"போதும், உள்ள வந்துடு. டயர் தேஞ்சு போச்சு. சொன்னா கேளு, வந்துடுப்பா!"

கார்களைப் பழுது பார்க்கும் ஷெட்டின் மூலையில் நின்று முதலாளி மைக்கில் கெஞ்சிக்கொண்டிருந்தார். வெளியே பந்தயத்தில் அனல் பறந்துகொண்டிருந்தது.

எல்லாரும் ஸ்பேனர் என்று கூப்பிடும் தலைமை மெக்கானிக் அந்தப் பக்கம் திரும்பவே இல்லை. அந்த மைக்கின் ஒயர் எதிலும் செருகியிருக்கவில்லை என்று அவருக்குத் தெரியும். முதலாளி கூப்பிடுகிற கார் ஓட்டுநர் சூறாவளி செத்து இருபத்திரண்டு வருஷம் ஆகிறது என்பதும் தெரியும்.

அன்றும் இதே மைதானம், இதே இருபதாவது சுற்று. "டயர் தாங்காது, சூறாவளியை உள்ள கூப்பிடுங்க!" என்று ஸ்பேனர் தொண்டை கிழியக் கத்தினார். முதலாளியோ மைக்கைப் பிடுங்கி, "வராதே! இன்னும் ரெண்டே சுத்து, ஓட்டு!" என்றார்.

அந்தக் காலத்து ரேடியோவில் இங்கிருந்து பேசலாம், ஓட்டுகிறவன் பதில் பேச முடியாது. சூறாவளி உள்ளே வரவில்லை. கடைசி வளைவில் கான்கிரீட் சுவரில் போய் மோதினான்.

கார் எரிந்து அடங்கியபின் கைக்கடிகாரம் கிடைத்தது, பெல்ட்டின் கொக்கி கிடைத்தது. காதில் செருகும் ரேடியோக் குமிழ் மட்டும் கிடைக்கவில்லை. "எதையாவது எங்கயாவது வச்சிட்டுத் தேடுறதே இவன் பொழப்பு. செத்தும் ஒண்ணைத் தொலைச்சிட்டான் பாருங்க" என்று ஸ்பேனர் தலையில் அடித்துக்கொண்டு அழுதார்.

அதற்கப்புறம் முதலாளி பழைய முதலாளியாக இல்லை. கண்ணை மூடினால் போதும், "வராதே!" என்று அவர் குரலே அவர் காதில் கேட்கும். இருபதாவது சுற்று வந்தால் கை தானாகவே அந்தப் பழைய மைக்கைத் தேடிப் போகும்.

தன் மைதானத்தில் நல்ல விலைக்குப் போகிற கடைசி வளைவு இருக்கைகளைப் பைத்தியம் பிடித்தவர் போல இடித்துத் தள்ளினார். அங்கே ஐந்து வரிசைக்குப் பழைய டயர்களை ஆள் உயரம் அடுக்கிக் கட்டினார். "முதலாளிக்கு மரை கழண்டு போச்சு" என்று கூட்டாளிகள் ஒவ்வொருவராகக் கழன்றுகொண்டார்கள். கார்ப் பந்தயம் என்றால் அவர் வைத்ததுதான் சட்டம் என்பதால், மற்ற மைதானக்காரர்கள் முணுமுணுத்துக்கொண்டே ஒப்புக்கு ஒரு வரிசை அடுக்கினார்கள்.

இன்று சூறாவளியின் மகன் முதல் தடவையாக முதலாளியின் காரை ஓட்டுகிறான். அவனுடைய அம்மா ஷெட்டில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தாள்.

"பேய்க்கு வாக்கப்பட்டா புளிய மரம் ஏறித்தானே ஆகணும். ஓட்டட்டும். ஆனா இந்த மைதானத்துல மட்டும்தான்" என்று சொல்லித்தான் சம்மதித்திருந்தாள்.

முதலாளி மைக்கைக் கீழே வைத்துவிட்டு அவளிடம் வந்தார். மன்னிக்கிறாளோ, முகத்தில் காறித் துப்புகிறாளோ, இன்று சொல்லிவிட வேண்டும். இதை நெஞ்சில் சுமந்துகொண்டு சாக அவருக்குத் தெம்பில்லை.

"தங்கச்சி, உன்கிட்ட ஒண்ணு சொல்லணும்..."

"ஐயோ!" என்று மொத்தக் கூட்டமும் எழுந்தது. கடைசி வளைவில் மகனின் கார் வழுக்கிச் சுழன்று நேராகச் சுவரைப் பார்த்துப் போனது. டம்மென்று ஒரு சத்தம், பிறகு ஒரே தூசி.

"வந்துடுப்பா, வந்துடுப்பா" என்று முதலாளியின் வாய் பிதற்றியது. அப்பனைக் கூப்பிட்டாரா, பிள்ளையைக் கூப்பிட்டாரா என்று அவருக்கே தெரியவில்லை. அவள் நாற்காலியின் முதுகை இறுகப் பிடித்தபடி நின்றாள்.

தூசி அடங்கியது. டயர்களுக்கு நடுவே பாதி புதைந்து கிடந்த காரிலிருந்து மகன் ஏறி வெளியே வந்தான். ஹெல்மெட்டைக் கழற்றிக் கடாசிவிட்டு, ஆத்திரத்தில் காரை ஓங்கி ஓர் உதை விட்டான்.

"உதைக்கிறான்ம்மா! காலு நல்லாத்தான் இருக்கு!" என்று ஸ்பேனர் கண்ணைத் துடைத்துக்கொண்டே அங்கே ஓடினார்.

முதலாளி அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டார்.

"உன் புருஷனை நான்தான்ம்மா கொன்னேன். டயர் போச்சுன்னு தெரிஞ்சும் உள்ள வராதேன்னு மைக்குல சொன்னேன்."

"தெரியும். ஸ்பேனர் அண்ணன் அன்னிக்கே என்கிட்ட சொல்லிட்டார்."

அவள் கைப்பையைத் திறந்து, மடித்து வைத்திருந்த ஒரு கைக்குட்டையை எடுத்துப் பிரித்தாள். உள்ளே காதில் செருகும் ரேடியோக் குமிழ் இருந்தது.

"அன்னிக்குக் காலையில வீட்டுல தலை சீவும்போது கண்ணாடி முன்னாடி வச்சார். எடுக்க மறந்துட்டுப் போயிட்டார். நீங்க சொன்ன ஒரு வார்த்தைகூட அவர் காதுல விழலை. வராதது அவரா எடுத்த முடிவு."

முதலாளி அதை உள்ளங்கையில் வாங்கிக்கொண்டு பார்த்தபடியே இருந்தார். முதலில் அழுகை வந்தது. அது பாதியில் நின்று கோபம் வந்தது.

"அடிப்பாவி! இருபத்திரண்டு வருஷமா நான் ஒரு நாள் நிம்மதியாத் தூங்கலையே! ஒரு வார்த்தை சொல்லக் கூடாதா?"

அவள் மகனையே பார்த்துக்கொண்டிருந்தாள். அவன் கையை வீசிக்கொண்டு ஷெட்டை நோக்கி நடந்து வந்துகொண்டிருந்தான்.

"சொல்லியிருந்தா அந்த டயர் சுவரைக் கட்டியிருப்பீங்களா, அண்ணா?"