கிழக்கே ஒண்ணுமே இல்ல

சாயங்காலம் ஆனால் எங்கள் அடுக்குமாடிக் கட்டடத்தின் மொட்டைமாடியில் நான்தான் ஹீரோ. போன மாதம் வரைக்கும்.

கிழக்குச் சுவர்தான் என் மேடை. அதில் முதுகைச் சாய்த்து, "லிஃப்ட் கதவை... க்ஹும்... யாருப்பா திறந்து போட்டது?" என்று இருமல் மாமா குரலில் கேட்டால், காற்று வாங்க வந்த கூட்டம் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிக்கும். இருமல் மாமாவே இருமிக்கொண்டு சிரிப்பார்.

அந்தக் கூட்டத்தைத்தான் அக்கா தட்டிப் பறித்துவிட்டாள்.

திடீரென்று ஒருநாள் மேற்குச் சுவரிடம் போய் நின்று, "எல்லாரும் இங்க வாங்க, வெள்ளி தெரியுது!" என்றாள். அவ்வளவுதான். மொத்தக் கூட்டமும் எனக்கு முதுகைக் காட்டிக்கொண்டு அந்தப் பக்கம் போனது.

"மின்னினா நட்சத்திரம். மின்னாம எரிஞ்சா கோள். இது மின்னுதா பாருங்க."

"இல்லம்மா. கண்ணே சிமிட்டாம முறைக்குது" என்றார் மூன்றாம் மாடி அத்தை.

"அப்ப அது உன் தம்பிதான்!" என்றார் இருமல் மாமா.

ஒரே சிரிப்பு. எனக்கு வரவேண்டிய சிரிப்பு!

அக்கா குரலிலேயே, "என் மூக்குக்கு நேரா பாருங்க, அதான் வெள்ளி" என்று ராகம் இழுத்துப் பார்த்தேன். ஒருத்தர்கூடத் திரும்பவில்லை. பற்றிக்கொண்டு வந்தது.

ஆனால் ஒன்றைக் கவனித்தேன். தினமும் அதே மேற்கு, அதே வெள்ளி. கிழக்குப் பக்கம் எதுவும் வராதா என்று யாராவது கேட்டால், "கிழக்கே இந்த மாசம் ஒண்ணுமே இல்ல" என்பாள்.

நேற்று எங்கள் அறை ஜன்னல் வழியாக செல்போன் ஆப்பை வானத்துக்குக் காட்டினேன். கிழக்கே, பக்கத்துக் கட்டடத்துக்கு மேலே, வியாழன்! வெறுங்கண்ணுக்கே பளிச்!

மாட்டினாள் மகராணி.

இன்று அவள் வாயைத் திறப்பதற்குள் மாடி நடுவில் நின்று கத்தினேன். "மக்களே! கோள்லயே பெரிய கோள் கிழக்க இருக்கு. நேத்து நானே பாத்தேன். டீச்சரம்மாவுக்குத் தெரியல!"

"நிஜமாவா?" அத்தை அக்காவைப் பார்த்தார்.

அக்கா ஓடிவந்து என் கையைப் பிடித்தாள். முகத்தில் ஈயாடவில்லை. "வேண்டாம்டா."

"பயமா?"

"நீ மட்டும் போய் முதல்ல பாரு."

துள்ளிக்கொண்டு போனேன். வியாழன் இருந்தது, மின்னாமல்.

அதற்கு நேர்கீழே, பக்கத்து மொட்டைமாடியில், லாரி டிரைவர் அண்ணன். விபத்தில் கால் போனதிலிருந்து வெளியிலேயே தலைகாட்டாதவர். செயற்கைக் காலோடு, துணிக்கொடியைப் பிடித்து நடந்து பழகிக்கொண்டிருந்தார். ஓர் அடி. ஒரு தடுமாற்றம். இன்னோர் அடி.

"எங்கடா உன் வியாழன்?" கூட்டம் கிளம்பிவிட்டது.

ஓடிப்போய்க் கைகளை விரித்து மறித்தேன். "வராதீங்க, மானம் போகுது! அது டவர் விளக்கு. மேற்கயே பாருங்க. அக்கா சொன்னதுதான் சரி."

"டவரைப் பாத்தா வியாழன்னு குதிச்ச?" என்று இருமல் மாமா இருமி இருமிச் சிரித்துக்கொண்டே மேற்குச் சுவருக்குத் திரும்பினார். எல்லோரும் என்னைக் கேலி செய்தபடி அவர் பின்னால் போனார்கள்.

அக்கா மெதுவாகச் சொன்னாள். "அவர் முதல் நாள் மாடிக்கு வந்தப்ப, இந்தச் சுவர்ல நின்னு நீ மிமிக்ரி பண்ணிட்டிருந்த. எல்லாரும் இந்தப் பக்கம் பாத்துச் சிரிச்சாங்க. தன்னைப் பாத்துத்தான் சிரிக்கறாங்கன்னு நினைச்சு, தவழ்ந்தே உள்ள போயிட்டாரு."

கிழக்குச் சுவரைத் திரும்பிப் பார்த்தேன். "எங்கிட்டயாவது சொல்லியிருக்கலாம்ல?"

"சொல்லியிருந்தா, அப்புறம் நீ யாரையுமே சிரிக்க வச்சிருக்க மாட்டியேடா."