பனியைச் சுரண்டுகிறவர்கள்

“செத்து விழுங்க சார்! கட்டில்ல சாயற மாதிரி விழறீங்களே!”

டைரக்டர் போட்ட சத்தத்தில், நரைத்த தாடி விஞ்ஞானி எழுந்து பனியைத் தட்டிவிட்டுக்கொண்டு ஒன்பதாவது முறையாக விழத் தயாரானார். முகத்தில் ஒரு சுளிப்பும் இல்லை.

துருவ ஆராய்ச்சியைப் படமெடுக்க வந்து இரண்டு வாரம் ஓடிவிட்டது. கரடியும் வரவில்லை, புயலும் வரவில்லை; அதனால்தான் டைரக்டரே ஒரு சாவுக் காட்சியை ஏற்பாடு செய்திருந்தார். விஞ்ஞானிகள் காலையில் போய்ப் பனியைச் சுரண்டிக் குப்பியில் அடைத்தார்கள். மாலையில் வந்து சூப் குடித்தார்கள்.

“எங்க வீட்டு ஃப்ரிட்ஜைச் சுரண்டினாலும் இதே ஐஸ்தான் வரும். இதுக்கு ஒரு கப்பல், ஒரு ஹெலிகாப்டர்!” என்று கேமராமேனிடம் சொல்லிச் சொல்லிச் சிரித்தார் டைரக்டர்.

ஒரே ஒரு விஷயத்தில் மட்டும் அவருக்குப் பரம திருப்தி. தினமும் காலையில் தலைமை விஞ்ஞானி அம்மாவே கூடாரத்துக்கு வந்து, படக்குழு மூன்று பேருக்கும் ரத்த அழுத்தம் பார்ப்பார். “தூக்கம் வந்துச்சா? யார் மேலயாவது கோபமா?” என்று கனிவாக விசாரிப்பார். விஞ்ஞானிகளுக்கு அந்தச் சலுகை கிடையாது.

“மண்டையில ஒண்ணும் இல்லன்னாலும் மரியாதை தெரிஞ்சவங்க” என்று டைரக்டர் சான்றிதழ் கொடுத்தார். வந்த அன்று அந்த அம்மா நீட்டிய பதினாறு பக்க ஒப்புதல் படிவத்தைப் படிக்காமலே கையெழுத்துப் போட்டவர் அவர்.

பதினெட்டாம் நாள், ஒலிப்பதிவாளர் தும்மி ஒரு ஷாட்டைக் கெடுத்தார். டைரக்டர் கையிலிருந்த ஃபிளாஸ்க் பறந்து, தும்மியவரின் காதை உரசிக்கொண்டு போய் விழுந்தது. ஒலிப்பதிவாளர் படுக்கையைச் சுருட்டிக்கொண்டு விஞ்ஞானிகளின் கூடாரத்துக்குக் குடிபெயர்ந்தார்.

ஓடி வந்த தலைமை விஞ்ஞானி அவர் காதைப் பார்த்தார். கூடவே கைக்கடிகாரத்தையும் பார்த்துக்கொண்டார்.

கடைசி நாள். ஹெலிகாப்டர் வந்து இறங்கிவிட்டது. டைரக்டர் மைக்கை அந்த அம்மாவின் முன்னால் நீட்டினார்.

“மூணு வாரமாச் சுரண்டினீங்களே, அப்படி என்னதான் கண்டுபிடிச்சீங்க? ஒரே வரியில சொல்லுங்க, பார்ப்போம்.” கேட்கும்போதே கேமராமேனைப் பார்த்துக் கண்ணடித்தார்.

“பதினெட்டு நாள் தாங்குது சார். அப்புறம் கையை ஓங்கிடுது.”

“எது, பனியா?”

“பனி சும்மா எங்க பொழுதுபோக்குக்கு. நாங்க ஆராய வந்தது உங்க மூணு பேரைத்தான்!”