தாளம் போடும் பூட்ஸ்
வார்சாவின் மாலை வெயில் பியானோவின் மேல் கிடக்கிறது. தியோடோரா எழுதிய மசூர்காவை, மூன்று தட்டுத் தாளத்தில் அமைந்த போலந்து நடன இசையை, அவள் மாணவி லூட்கா வாசிக்கிறாள். ஜெர்மானியர் வந்தபின் போலந்து இசை குற்றம். படியில் பூட்ஸ் சத்தம். "அவங்க வால்ட்ஸுக்கு மாறுடி! அதுவும் மூணு தட்டுதான், ஆனா அழுத்தம் முதல் தட்டுல, நம்ம மசூர்கா மாதிரி மூணாவதுல இல்ல," என்று கிசுகிசுத்தபடி தியோடோரா கையெழுத்துத் தாளை நாற்காலியில் போட்டு அதன்மேல் உட்காருகிறாள். கதவைத் தள்ளித் திறந்த ஜெர்மன் அதிகாரி, "அட, எங்க ஊர் வால்ட்ஸா? நிறுத்தாதீங்க," என்று சிரிக்கிறான். ஒவ்வொரு முதல் தட்டுக்கும் அவன் பூட்ஸ் நுனி தரையில் தட்டுகிறது. லூட்காவின் வலது கை சொன்ன பேச்சைக் கேட்கிறது. பாழாய்ப்போன இடது கை பிறந்த ஊர்க் கை. மசூர்காவின் மூன்றாம் தட்டில் போய் அழுத்துகிறது. மறுபடியும் அழுத்துகிறது. தியோடோரா மாணவியைப் பார்க்கவில்லை, பூட்ஸையே பார்க்கிறாள். அது தட்டுவதை நிறுத்திவிட்டது.