மௌன அஞ்சலியில் மணிச்சத்தம்

“சிரில் அண்ணே, இந்த வருஷமும் மணி அடிச்சீங்கன்னா நான் மனுஷியாவே இருக்க மாட்டேன்.”

மாதா கோயில் வாசலில் நாலு பேர் பார்க்கவே ப்ரெடா இப்படிச் சொன்னாள். சிரில்தான் அங்கே மணி அடிப்பவர். பூட்ஸில் ஒட்டிய சேற்றைப் படியில் தேய்த்துக்கொண்டிருந்தார். அதுவே அவளுக்கு இன்னும் எரிச்சலாக இருந்தது.

ஏப்ரல் இருபத்தேழு, எழுச்சி நாள். ஸ்லொவேனியா முழுக்க விடுமுறைதான். ஆனால் எங்கள் ஊரில் பாதி வீட்டில் கொடி பறக்கும், மீதி வீட்டில் ஜன்னலைக்கூடத் திறக்க மாட்டார்கள்.

இரண்டாம் உலகப் போர்க் காலத்தில் அந்நியப் படையை எதிர்த்துக் காட்டுக்குப் போய்ச் சண்டை போட்டவர்கள் ஒரு பக்கம். அவர்கள் மீதிருந்த பயத்தில் அந்நியனிடமே துப்பாக்கி வாங்கிக்கொண்ட ஊர்க்காவல் படை இன்னொரு பக்கம். போர் முடிந்ததும் ஜெயித்தவர்கள் தோற்றவர்களைக் கூட்டிப் போய்ச் சுட்டுக் காட்டுக் குழிகளில் தள்ளினார்கள். அப்படி ஒரு குழியில்தான் சிரிலின் அப்பா கிடக்கிறார். தாத்தாக்கள் தொடங்கிய சண்டையைப் பேரன்கள் இன்னும் மதுக்கடையில் முடித்தபாடில்லை.

விழாவில், காட்டுக்குப் போய்ச் சண்டையில் இறந்தவர்களின் பெயர்களைச் சொல்பவர் வின்கோ. போர்க்காலத்தில் சிறு பையனாகக் காட்டுக்குத் தகவல் கொண்டு போனவர். நினைவுக்கல்லின் முன்னால் நின்று ஒவ்வொரு பெயராக மனப்பாடமாகச் சொல்வார். கடைசிப் பெயர் அவருடைய சொந்த அண்ணன் ஸ்டாங்கோ. பிறகு ஒரு நிமிட மௌனம்.

எல்லோரும் தலை குனிந்ததுதான் தாமதம், எதிர்க் கோயிலில் மணி காதைக் கிழிக்கும். அது பூசை நேரமும் இல்லை, ஜெப நேரமும் இல்லை. வருஷம் தவறாமல் சரியாக அந்த நிமிடத்தில்தான் சிரில் கயிற்றை இழுப்பார். அப்பாவைக் கொன்றதற்குப் பழி தீர்க்கிறார் என்பதில் ப்ரெடாவுக்குச் சந்தேகமே இல்லை.

அவள் இந்த ஊருக்கு வாழ்க்கைப்பட்டு வந்தவள், விழாக் குழுத் தலைவி. வின்கோவின் இதயம் ரொம்ப நாள் தாங்காது என்று டாக்டர் சொன்னதிலிருந்து அவளுக்குத் தூக்கம் இல்லை. அந்த மனுஷனுக்குக் கடைசியாக ஒரு தடவையாவது அண்ணனுக்காக நிம்மதியான ஒரு நிமிடம் வேண்டாமா? பாதிரியாரிடம் போய் அழாத குறையாகக் கேட்டாள். அவரும் மனம் இரங்கி, விழா முடியும்வரை மணிக்கூண்டைப் பூட்டி வைத்தார்.

அன்று பேண்ட் வாசித்து ஓய்ந்ததும், சட்டையில் சிவப்புக் கார்னேஷன் பூவைக் குத்திய வின்கோ பெயர்களைச் சொன்னார். “ஸ்டாங்கோ” என்று முடித்தார். தலைகள் குனிந்தன.

மணி அடிக்கவில்லை. ப்ரெடாவுக்குக் கண் நிறைந்தது.

ஆனால் வின்கோ தலை குனியவில்லை. மணிக்கூண்டையே பார்த்துக்கொண்டு நின்றார். நிமிடம் கடந்த பிறகும் நகரவில்லை. வாய் திறந்தது, சத்தமில்லாமல் மூடிக்கொண்டது.

ப்ரெடா அருகே போனாள். “மாமா, முடிஞ்சிடுச்சு. வாங்க.”

“இல்லம்மா, இன்னும் முடியல.”

கிழவருக்கு நினைவு தப்பிவிட்டது என்று கூட்டத்தில் கிசுகிசுத்தார்கள். அப்போது சாலைக்கு அந்தப் பக்கம் நின்றிருந்த சிரில், பிறந்ததிலிருந்து முதல்முறையாக அந்தக் கல்லை நோக்கி வந்தார். முறைத்தவர்களை அவர் கண்டுகொள்ளவில்லை.

“பேண்டை வாசிக்கச் சொல்லும்மா” என்றார் ப்ரெடாவிடம் மெதுவாக.

“கெடுத்தது போதாதாண்ணே உங்களுக்கு?”

“அவருக்கு ரெண்டு அண்ணன், ப்ரெடா. இன்னொருத்தன் போல்டே. எங்கப்பா கிடக்கிற குழியிலதான் கிடக்கான். இந்த இடத்துல அந்தப் பேரைச் சொன்னா இவங்க சும்மா விடுவாங்களா? ஒரு வருஷம் இந்த மௌன நேரத்துல யாருக்கோ சாவு மணி அடிக்கும்போது, அந்தச் சத்தத்துல ‘போல்டே’ன்னு அவர் வாய் அசையறதைப் பார்த்தேன். அன்னிலேர்ந்துதான் அடிக்கிறேன். அவரும் கேட்டதில்ல, நானும் சொன்னதில்ல.”

ப்ரெடா வின்கோவைப் பார்த்தாள். அவர் இன்னும் மணிக்கூண்டைப் பார்த்துக் காத்துக்கொண்டிருந்தார்.

அவள் பேண்ட்காரர்கள் பக்கம் திரும்பினாள்.

“வாசிங்க. எதுவா இருந்தாலும் சரி, ஊரே அதிர்ற மாதிரி வாசிங்க.”