ஆனைக்காட்டு எதிர்மனு

"உங்க மனு மறுபடியும் நின்னுபோச்சுங்க. ஆனைக்காட்டுல இருந்து எதிர்மனு வந்திருக்குது" என்றார் கலெக்டர் அலுவலக எழுத்தர் குருமூர்த்தி.

ஜெகதீஸ்வரனுக்கு ரத்தம் தலைக்கேறியது. மூன்று வருடத்தில் இது மூன்றாவது முறை. "எவனுங்க அவன்? கையெழுத்தக் காட்டுங்க."

குருமூர்த்தி கோப்பைத் திருப்பினார். அடியில் 'வ. மணி, ஆனைக்காடு' என்று மட்டும் இருந்தது. முறுக்கிய மீசையும் வெள்ளை வேட்டியுமாக ஓர் ஆள் ஜெகதீஸ்வரனின் கண்முன் வந்து நின்றான். இன்றைக்கு அவனை நேரில் கண்டு நாலு வார்த்தை கேட்காமல் வீடு திரும்புவதில்லை என்று வண்டியை உதைத்தான்.

காவிரிக் கரையில் அணைக்காடு. அங்கே ஒரு கதவணை, அதன் மின்நிலையத்தில் ஜெகதீஸ்வரன் போர்மேன். புதுச்சத்திரத்துக்குப் பக்கத்தில் ஆனைக்காடு. அங்கே அணையும் கிடையாது, ஆனையும் கிடையாது, கோழிப்பண்ணைதான். வாயால் சொன்னால் வேறு வேறு ஊர். இங்கிலீஷில் எழுதினால் இரண்டும் ஒன்றே. அதனால் மின்நிலையத்துக்கு வரும் கூரியரில் பாதி, நாற்பது கிலோமீட்டர் தள்ளி ஆனைக்காட்டில் போய் இறங்கும்.

இப்போதும் அப்படித்தான். எண்ணெய் கசியாமல் தடுக்கும் ஒரு ஆயில் சீல் வளையம் வராமல் பன்னிரண்டு நாளாக இரண்டாவது மெஷின் நிற்கிறது. ஆற்றில் தண்ணீர் நிறையப் போகிறது. ஒரு யூனிட் மின்சாரத்துக்கும் ஆகாமல் ஷட்டர் வழியாக வீணாய்ப் போகிறது. மேலதிகாரி தினமும் போனில் ஏசுகிறார். ஊர்ப் பெயருக்கு முன்னால் 'காவிரி' என்று ஒரு வார்த்தை சேர்த்தால் தீரும் தொல்லை இது. மனுவில் அவன் கேட்டதும் அதுதான். அதைத்தான் அந்த மணி தடுத்துக்கொண்டிருந்தான்.

ஆனைக்காட்டில் ஜெகதீஸ்வரனுக்குத் தெரிந்தது ஒரே இடம், வசந்தாவின் ஜெராக்ஸ் கடை. கூரியர் ஏஜென்சியும் அதுதான். லாரி விபத்தில் கணவர் போனபின் எட்டு வருடமாகத் தனியாக நடத்துகிறாள்.

"வாங்க. உங்க பார்சல் நேத்து சாயந்தரந்தான் வந்துச்சு" என்று மோர்ச் சொம்பை நீட்டினாள்.

"அதான் போன்லயே சொன்னேனுங்களே, ஈரோட்டு பஸ்ஸுல போட்டு உடுங்கன்னு. நாப்பது கிலோமீட்டர் நான் எதுக்குங்க வரணும்?"

"நேர்ல வந்து கையெழுத்துப் போட்டாத்தானுங்க குடுக்க முடியும். ரூல்ஸு."

"மத்த எடத்துல அப்படி ஒரு ரூல்ஸும் இல்லியே!"

அவள் ரசீதுப் புத்தகத்தைத் தேடுவதில் மும்முரமானாள். அவன் மோரை ஒரே மூச்சில் குடித்தான். கோபம் அடங்கவில்லை.

"ஆனைன்னா மிருகம், அணைன்னா ஆத்தைத் தடுக்கறது. இது கூடத் தெரியாமயா ஒருத்தன் எதிர்மனு போடறான்?"

"அணைன்னா கட்டிப்புடிக்கறதுன்னும் ஒரு அர்த்தம் இருக்குதுங்களே" என்றாள் வசந்தா, புத்தகத்திலிருந்து தலையைத் தூக்காமல்.

"வெளையாடாதீங்க! எனக்கு வாற ஆத்திரத்துக்கு..." அவன் சொம்பை டக்கென்று மேசைமேல் வைத்தான். "இந்த ஊருல வ. மணின்னு ஒருத்தன் இருக்கறான். அவன் ஊட்டைக் காட்டுங்க. மூணு வருசமா என் கழுத்தை அறுக்கறான்."

"அவரப் பாத்து என்னங்க பண்ணப் போறீங்க?"

"கேக்கப் போறேன். உன்ற ஊருப் பேருல நான் கை வெச்சனா? எங்க ஊருக்குத்தான முன்னால ஒரு வார்த்தை கேக்கறேன்? உனக்கு எங்கடா வலிக்குதுன்னு கேப்பேன். பன்னெண்டு நாளா ஒரு மெஷின் நிக்குதுங்க, தெரியுமா? எனக்கு மெமோ வருமாட்ட இருக்குது. இருபது வருச சர்வீஸ்ல ஒரு மெமோ வாங்கினதில்லைங்க நானு."

வசந்தாவின் கை நின்றது. முகத்திலிருந்த சிரிப்பு போய்விட்டது.

"மெஷினா? பன்னெண்டு நாளாவா? எனக்குத் தெரியாதுங்களே. ஏதோ நட்டு போல்ட்டுன்னு நெனச்சுப்போட்டேன்."

"நீங்க என்னங்க பண்ணுவீங்க? எல்லாம் அவன் பண்ற வேலை. ஊட்டைச் சொல்லுங்க."

தெருவில் கோழி ஏற்றிய வண்டி ஒன்று போய் மறையும்வரை அதையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"அது ஆம்பள இல்லீங்க. என்ற முழுப் பேரு வசந்தாமணி."

ஜெகதீஸ்வரனுக்கு முதலில் விளங்கவில்லை. விளங்கியபோது, வழியெல்லாம் சேர்த்து வைத்திருந்த வார்த்தைகளையெல்லாம் விட்டுவிட்டு இதைத்தான் கேட்டான்.

"நீங்களா? உங்களுக்கு நான் என்னங்க கெடுதல் பண்ணினேன்?"

"ஒண்ணும் பண்ணலீங்க. மனுவ நாளைக்கே வாபஸ் வாங்கிக்கறேன். மொதல்ல இதக் கொண்டுபோய் மெஷினை ஓட்டுங்க."

பார்சலை அவன் பக்கம் நகர்த்தினாள். கையெழுத்துக்குப் புத்தகத்தை நீட்டவில்லை.

"எதுக்குங்க இப்படிச் செஞ்சீங்க? காரணத்தையாச்சும் சொல்லுங்க" என்றான் அவன். குரலில் கோபம் இருந்த இடத்தில் இப்போது குழப்பம்தான் இருந்தது.

வசந்தாமணி முதல்முறையாக நிமிர்ந்து அவன் முகத்தைப் பார்த்தாள்.

"ஊருப் பேரு சரியாயிருச்சுன்னா, அப்பறம் நீங்க இங்க எதுக்குங்க வருவீங்க?"