அழகான வழக்கம்

வாசற்படிக்கு வெளியே வெயிலில் நின்றுகொண்டு, உள்ளே இருக்கும் தேக்குத் தூண்களைப் பற்றி ஜப்பானிய மொழியில் கத்திக்கொண்டிருந்தேன்.

உள்ளே ஆறு ஜப்பானியப் பெண்கள் முற்றத்தைச் சுற்றி நின்று அண்ணாந்து பார்த்தார்கள். காலையிலிருந்து அவர்களை மயிலாப்பூர் மாட வீதிகளில் நடத்திக் கூட்டி வந்த வழிகாட்டி நான். பெயர் கயல். தெப்பக்குளம், பூக்கடை, பாத்திரக்கடை எல்லாம் முடிந்து இந்தப் பழைய வீடுதான் கடைசி.

இந்த வீட்டுக்குள் நான் போனதே இல்லை.

முதல் தடவை வந்தபோது வீட்டுக்காரர் சிரித்த முகமாகத்தான் இருந்தார். ஜப்பானிய மொழி இவ்வளவு நன்றாகப் பேசுகிறாயே, எங்கே படித்தாய் என்று கேட்டார். தி. நகரில் மாலை வகுப்பில் என்றேன். வீடு எங்கே என்றார். பிறந்தது அடையாற்றின் கரையில், குடிசைகளை இடித்த பிறகு பெரும்பாக்கம் என்றேன். அப்பா என்ன வேலை என்றார். தெரு கூட்டும் வேலை என்றேன். எதற்கு மறைக்க வேண்டும்?

"சரி. நீ இப்படியே வாசல்ல நின்னுண்டு சொல்லு. உள்ள கேக்கும்."

அன்றிலிருந்து வாசல்தான். ஊஞ்சலுக்கு அப்பால் என்ன இருக்கிறது என்பதை, உள்ளே போய் வந்தவர்கள் காட்டும் போட்டோக்களில்தான் பார்த்திருக்கிறேன். உள்ளே போகும் வெளிநாட்டுக்காரர்கள் தங்கள் வீட்டில் என்ன சமைப்பார்கள் என்று அந்த மனிதர் ஒரு நாளும் கேட்டதில்லை.

டூர் நடத்தும் மகேஷிடம் சொன்னேன். அந்த வீடுதான் ஹைலைட், கொஞ்சம் அட்ஜஸ்ட் பண்ணிக்கோ என்றான்.

அட்ஜஸ்ட் பண்ணிப் பண்ணி வயிறு எரிகிறது. ஒரு நாள் இந்த வாசலில் நின்று தெருவே திரும்பிப் பார்க்கிற மாதிரி கத்தத்தான் போகிறேன் என்று ஒவ்வொரு முறையும் நினைப்பேன். கத்துவது என்னவோ தூண்களைப் பற்றித்தான்.

அந்த ஆறு பேரில் ஹமாதா அம்மாள் முதலில் வெளியே வந்தார். குனிந்து எல்லாருடைய செருப்புகளையும் தெருவைப் பார்த்தபடி திருப்பி வைத்தார். கிளம்பும்போது மாட்டிக்கொள்ள வசதியாக இருக்கும். அவர்கள் ஊர் மரியாதை அது.

வைத்து முடித்துவிட்டு என் காலைப் பார்த்தார். நீங்கள் செருப்பைக் கழற்றவே இல்லையே, ஏன் உள்ளே வரவில்லை என்று கேட்டார்.

உண்மையைச் சொல்லியிருக்கலாம். நாக்கு நுனி வரை வந்துவிட்டது. ஆனால் கடல் தாண்டி வந்த ஒருவரிடம், இவர்கள் என்னை வீட்டுக்குள் விடமாட்டார்கள் என்று என் வாயாலேயே எப்படிச் சொல்வது? அசிங்கமாக இருந்தது.

"இது எங்கள் வழக்கம். வழிகாட்டி யார் வீட்டுக்குள்ளும் நுழையமாட்டார்" என்றேன்.

அவர் முகம் மலர்ந்துவிட்டது. அழகான வழக்கம் என்று சொல்லி, இடுப்பு வளைய எனக்கு ஒரு வணக்கம் வைத்தார்.

வீட்டுக்காரரின் மானத்தை நானே காப்பாற்றிக் கொடுத்துவிட்டேன். எனக்கு என்மேலேயே பற்றிக்கொண்டு வந்தது.

ஹமாதா அம்மாளின் கணவருக்கு இங்கே கார் கம்பெனியில் வேலை. அது முடிந்து அடுத்த வாரம் ஒசாகா திரும்புகிறார்கள். அதற்கு முன்னால் தோழிகளோடு ஒரு நடை, பிறகு கொட்டிவாக்கத்தில் அவர் வீட்டில் தேநீர், நானும் கட்டாயம் வர வேண்டும் என்று போனில் பதிவு செய்தபோதே சொல்லியிருந்தார். அதற்காக அம்மா முறுக்கு சுட்டு டப்பாவில் போட்டுக் கொடுத்திருந்தாள்.

"பெரிய வூட்டுக்குப் போற. வாய வச்சிக்கினு சும்மா இரு, இன்னா?"

ஹமாதா அம்மாள் தன் காரில் முன்னால் போய்விட்டார். மற்றவர்களோடு நான் வேனில் போனேன். திருவான்மியூர் தாண்டும்போது கோபம் கொஞ்சம் இறங்கியிருந்தது. கடல் தெரிகிற ஒரு வீட்டின் ஹாலில் இன்று நானும் உட்காரப் போகிறேன். அந்த மயிலாப்பூர்க்காரர் வந்து பார்க்கட்டும் என்று இருந்தது.

லிஃப்டிலிருந்து இறங்கியதும் எல்லாரும் செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே போனார்கள். நானும் கழற்றினேன். முறுக்கு டப்பாவை நீட்டியபடி வலது காலைத் தூக்கினேன்.

ஹமாதா அம்மாள் இரண்டு கைகளையும் விரித்து அவசரமாகத் தடுத்தார்.

"வேண்டாம். எங்களுக்காக நீங்கள் உங்கள் வழக்கத்தை மீறவே கூடாது."

அப்போதுதான் பார்த்தேன். கதவுக்கு வெளியே, சுவரோரமாக ஒரு புதுப் பாய். அதன்மேல் பட்டு உறை போட்ட மெத்தை. பக்கத்தில் ஒரு குட்டி மேசை, அதில் மூடி போட்ட தேநீர்க் கோப்பை, இலையில் ஒரு இனிப்பு, மயிலாப்பூரில் வாங்கிய மல்லிகையில் ஒரு கிள்ளு. அந்த வீட்டிலேயே நல்ல கோப்பை அதுவாகத்தான் இருக்க வேண்டும்.

உள்ளே மற்ற ஐந்து பேரும் என்னைப் பார்ப்பதற்கு வசதியாக வாசல் பக்கம் திரும்பி உட்கார்ந்திருந்தார்கள். எல்லாரும் சேர்ந்து தலை தாழ்த்தினார்கள்.

தூக்கிய காலைக் கீழே வைத்தேன். காது மடல் வரை சுட்டது. மயிலாப்பூர்க்காரரை என்றைக்காவது நாக்கைப் பிடுங்கிக்கொள்கிற மாதிரி நாலு வார்த்தை கேட்டுவிடுவேன். இந்த அம்மாளை என்ன கேட்பது?

அது வழக்கமில்லை, நான் சொன்னது பொய் என்று சொல்ல வாயைத் திறந்தேன்.

அதற்குள் அவர் வெளியே வந்து குனிந்தார். நான் கழற்றிய செருப்பை இரண்டு கையாலும் எடுத்து, லிஃப்டைப் பார்த்தபடி திருப்பி வைத்தார்.