ஆடு கத்துகிறது

1984 தீபாவளிக்கு மறுநாள், காலைக் காட்சி. விசைத்தறிகள் ஓடாததால் குமாரபாளையத்துத் தியேட்டர் நிறைந்திருந்தது. சென்னையில் ஓவியம் படித்த சௌந்திரம் தானே வரைந்து எடுத்த நான்கு நிமிடக் கார்ட்டூன் படத்தை முதலில் போட்டார்கள்.

திரையில் தாய் ஆடு குட்டியைத் தேடியது. வாயைத் திறந்து கத்தியது. ஒலி வரவில்லை.

"சவுண்டு, சவுண்டு" என்று கத்தினார்கள். "ஆட்டுக்குத் தொண்டை கட்டிக்கிச்சாடா?" என்றான் ஒருவன்.

சௌந்திரத்தின் சித்தப்பா நாச்சிமுத்து எழுந்தார். "ஊரையே கூட்டியாந்து மானம் போவுது. ஆபரேட்டரை ஒரு கேள்வி கேட்டுட்டு வாரேன்."

"மிசின் நல்லாத்தான் ஓடுதுங்க. உக்காருங்க சித்தப்பா" என்றாள் சௌந்திரம்.

ஆடு மறுபடியும் கத்தியது. அதன் கழுத்து நீண்டுகொண்டே போனது. வேலியோர இலைகள் எல்லாம் ஒரே பக்கமாகச் சாய்ந்தன. தொலைவில், ஒரு புதருக்கு மேலே இரண்டு குட்டிக் காதுகள் மட்டும் நிமிர்ந்தன.

முதலில் சிரித்தவர் அவள் அப்பா தண்டாயுதபாணி. பிறகு எல்லோரும் சிரித்தார்கள். குட்டி துள்ளி வந்து சேர்ந்தபோது தியேட்டரே கைதட்டியது.

"பொழச்சோம்" என்றார் நாச்சிமுத்து. "சத்தமும் வந்திருந்தா இன்னும் நல்லாருந்திருக்கும்."

"நான் சத்தமே சேக்கலைங்க சித்தப்பா."

"அதேன்?"

அவள் அப்பாவைப் பார்த்தாள். தறி இரைச்சலில் அவருக்குக் காது போய்ப் பல வருடங்கள் ஆகியிருந்தன. அவர் கண்ணைத் துடைத்துக்கொண்டு, தியேட்டர் முழுக்கக் கேட்கும் குரலில் சொன்னார்.

"கதை பூராவும் வெளங்குச்சு சாமி. சத்தம் நல்லா வந்துச்சா?"